வாடகை பாக்கி: கோர்ட்டுக்குப் போகும் முன்பே வழக்கைக் கெடுக்கும் தவறுகள்

மூன்று மாதமாக வாடகை வரவில்லை. கோபத்தில் ஓனர் ஃபியூஸ் கட்டையைப் பிடுங்குகிறார், மோட்டாரை நிறுத்துகிறார். இதைவிட மோசமான தொடக்கம் இல்லை. தமிழ்நாட்டில் 2019 பிப்ரவரி 22 முதல் நடப்பில் இருக்கும் 2017-ஆம் ஆண்டு வாடகைச் சட்டப்படி மின்சாரம், தண்ணீரை ஓனர் நிறுத்தக் கூடாது. குடியிருப்பவர், இந்தச் சட்டப்படி நியமிக்கப்பட்ட வாடகை அதிகாரியிடம் ஒரு மனு கொடுத்தால் போதும், பணம் கேட்க வேண்டியவர் கைகட்டிப் பதில் சொல்ல வேண்டியிருக்கும். பாக்கிக்காக ஓனர் போலீஸ் ஸ்டேஷனுக்கு ஓடுவதும் வீண்தான். "இது சிவில் மேட்டர் சார்" என்று அனுப்பிவிடுவார்கள்.

சரி, என்ன செய்ய வேண்டும்? இரண்டு மாத பாக்கி சேர்ந்ததும் கையெழுத்திட்ட நோட்டீஸைப் பதிவு வசதியோடு ஸ்பீட் போஸ்டில் அனுப்புங்கள். அது கிடைத்த ஒரு மாதத்துக்குள் பணம் வராவிட்டால்தான் பாக்கியைக் காரணம் காட்டி, காலி செய்யச் சொல்லி வாடகை நீதிமன்றத்தில் மனு போட முடியும். வாட்ஸ்அப்பில் "எப்ப சார் தருவீங்க" என்று இருபது முறை கேட்டிருந்தாலும் அது இந்த நோட்டீஸ் ஆகாது.

குடியிருப்பவர்கள் கோட்டை விடுவதும் இந்த ஒரு மாதத்தில்தான். வாடகை 12,000, இரண்டு மாதத்துக்கு 24,000 என்று வையுங்கள். 20,000 கொடுத்துவிட்டு "மீதி அடுத்த மாசம்" என்பார்கள். சட்டம் கேட்பது முழுத் தொகை, அதுவும் வட்டியோடு. அந்த நாலாயிரத்துக்காக வீடே போகலாம். இன்னும் சிலர் தபால்காரரிடம் கவரை வாங்காமல் திருப்பி அனுப்பிவிட்டு, தப்பித்துவிட்டதாக நினைக்கிறார்கள். 'வாங்க மறுப்பு' என்று எழுதித் திரும்பிய கவரை நோட்டீஸ் கொடுத்ததாகவே கோர்ட் எடுத்துக்கொள்ளும்.

"அட்வான்ஸ்ல கழிச்சுக்கோங்க" என்பது அடுத்தது. அட்வான்ஸ் என்பது காலி செய்யும்போது திரும்ப வர வேண்டிய பணம். ஓனர் எழுத்தில் ஒப்புக்கொள்ளாதவரை அதை நம்பி வாடகையை நிறுத்தாதீர்கள். ஓனரே வாடகை வாங்க மறுக்கிறாரா? மணியார்டரில் அனுப்பிப் பாருங்கள். அதையும் மறுத்தால் வாடகை அதிகாரியிடம் கட்டச் சட்டத்தில் வழி இருக்கிறது.

அப்புறம், பத்திரத்தில் எழுதி பீரோவில் வைக்கும் அந்த 11 மாத அக்ரிமென்ட். பதினொரு மாதம் என்றால் பதிவு வேண்டாம் என்பது பழைய பழக்கம். இந்தச் சட்டத்தில் எத்தனை மாதமானாலும் எழுத்தில் ஒப்பந்தம் போட்டு வாடகை அதிகாரியிடம் பதிய வேண்டும். ஒப்பந்தம் போடாததையே காரணமாகச் சொல்லிக் காலி செய்யக் கேட்கவும் இடமுண்டு.

பாவம் பார்த்து வருடக்கணக்கில் காத்திருக்கும் ஓனர்களுக்கு ஒன்று: வாடகை பாக்கியை வசூலிக்க வழக்குப் போடக் காலக்கெடு 3 ஆண்டுகள்.

கையில் காசாகக் கொடுத்தால் ரசீது வாங்குங்கள். ஜிபேயில் அனுப்பினால், குறிப்பில் 'நவம்பர் வாடகை' என்று இரண்டு சொல் தட்டிவிடுங்கள். இல்லாவிட்டால் அது கைமாற்றாகக் கொடுத்த பணம் என்று எதிர்த்தரப்பு சொல்லும்.