நெஞ்சில் கருவி வைத்த பிறகு

இதயச் செயலிழப்புக்காக ஐசிடி (ஆபத்தான துடிப்பை மின்னதிர்ச்சியால் சரிசெய்யும் கருவி) அல்லது சிஆர்டி (இதயத்தின் இரு பக்கமும் ஒருசேரத் துடிக்க வைக்கும் கருவி) பொருத்தியவர், அந்தப் பக்கத்துக் கையை 4 முதல் 6 வாரம் தோளுக்கு மேல் தூக்கக் கூடாது. கருவியிலிருந்து இதயத்துக்குப் போகும் கம்பி நழுவினால் மறுபடியும் அறுவைதான். அதற்காகக் கையை அசைக்காமலே வைத்தால் தோள் இறுகிவிடும், தாழ்வாக அசைத்துக்கொண்டிருங்கள்.

கைப்பேசி கருவியிலிருந்து 15 செ.மீ. தள்ளியே இருக்கட்டும். மாத்திரைகளை நிறுத்தாதீர்கள்.

ஐசிடி ஒருமுறை மின்னதிர்ச்சி கொடுத்து, உடம்பு சரியாக இருந்தால் அன்றே கிளினிக்குக்குச் சொல்லுங்கள். அடுத்தடுத்து அடித்தாலோ, மயக்கமோ நெஞ்சுவலியோ வந்தாலோ மலேசியாவின் அவசர எண் 999-ஐ அழையுங்கள்.

தைப்பூசத்தில் பத்துமலையின் 272 படி ஏறலாமா என்பதை மருத்துவர் சொல்லட்டும். தோள் காவடியும் நெஞ்சில் அலகும் வேண்டவே வேண்டாம் (பால்குடமும் கையைத் தூக்க வைக்கும்). அலகு குத்திய காயத்தின் வழியே கிருமி கருவிவரை போனால் கம்பியோடு மொத்தத்தையும் கழற்ற வேண்டிவரும்.