ஹங்கேரியும் எத்தியோப்பியாவும் ஒரே சட்டியில்: குழம்பு எங்கே கெடுகிறது?

ஹங்கேரியின் பொர்கொல்ட் என்ற கெட்டிக் குழம்பையும் எத்தியோப்பியாவின் வாட் என்ற குழம்பையும் கலந்து மாட்டிறைச்சிக் குழம்பு வைப்பவர்கள் பெரும்பாலும் ஒரே இடத்தில்தான் சறுக்குகிறார்கள். இரண்டும் சிவப்புப் பொடிதானே என்று ஹங்கேரிய மிளகாய்த்தூளான பாப்ரிகாவையும் எத்தியோப்பிய மசாலாப் பொடியான பெர்பெரேவையும் ஒன்றாகக் கொட்டிவிடுகிறார்கள்.

பாப்ரிகாவில் சர்க்கரை அதிகம். சூடான கொழுப்பில் விழுந்தால் சில நொடிகளில் கருகிக் கசந்துவிடும். அதனால்தான் ஹங்கேரியச் சமையலில் வெங்காயம் வதங்கியதும் சட்டியை இறக்கி வைத்து, பொடியைத் தூவி ஒரு கிளறு கிளறி, உடனே இறைச்சியையோ கொஞ்சம் தண்ணீரையோ சேர்க்கிறார்கள்.

பெர்பெரே இதற்கு நேர் எதிர். அது வெறும் மிளகாய்த்தூள் அல்ல. காய்ந்த மிளகாயோடு இஞ்சி, பூண்டு, வெந்தயம், ஓமம், கொரரிமா என்ற எத்தியோப்பிய ஏலக்காய், துளசிக் குடும்பத்தைச் சேர்ந்த பெசோபெலா என்று பலதும் சேர்ந்த கூட்டுப் பொடி. கொழுப்பில் நிதானமாக வேகாவிட்டால் பச்சை வாடை போகாது, வெந்தயக் கசப்பு நாக்கில் நிற்கும். அடிபிடிக்கும்போதெல்லாம் இரண்டு கரண்டி தண்ணீர் தெளித்து, சிறு தீயில் 15 முதல் 20 நிமிடம் கிளற வேண்டும். செங்கல் நிறம் மாறிக் கருஞ்சிவப்பாகி, ஓரத்தில் நெய் பிரியும்.

எனவே பெர்பெரே முதலில், தீயின் மேல். பாப்ரிகா அப்புறம், அடுப்பை விட்டு இறக்கிய பிறகு. 1 கிலோ இறைச்சிக்கு இரண்டிலும் இரண்டு இரண்டு மேசைக்கரண்டி போதும்.

அடுத்த தவறு வெங்காயத்தில். இந்த இரண்டு நாட்டுக் குழம்புக்கும் கெட்டித்தன்மை வெங்காயத்திலிருந்துதான் வருகிறது. 1 கிலோ இறைச்சிக்கு முக்கால் கிலோ வெங்காயம் என்றால் பலருக்கு மனசு வராது. பாதியைப் போட்டுவிட்டு, கடைசியில் மைதா கரைத்து ஊற்றுகிறார்கள். அந்த மாவு இரண்டு மசாலாவின் மணத்தையும் மந்தமாக்கிவிடும். வெங்காயத்தைப் பொடியாக நறுக்கி, எத்தியோப்பிய முறைப்படி கொழுப்பே இல்லாமல் வெறும் சட்டியில் வதக்குங்கள். முதலில் நீர் விடும், பிறகு சுண்டும், அப்புறம் மெல்லப் பழுப்பாகிக் கூழாகும். எனக்கு 40 நிமிடத்துக்குக் குறைந்து இது வந்ததே இல்லை. அவசரப்பட்டுத் தீயைக் கூட்டினால் ஓரம் கருகி நடு பச்சையாக இருக்கும். வெங்காயம் கூழான பிறகுதான் நித்தர் கிப்பே சேர்க்க வேண்டும். வெண்ணெயை வெந்தயம், ஏலக்காய், இஞ்சி, பூண்டு, மஞ்சளோடு மெல்லக் காய்ச்சி வடிகட்டியது அது. நம் வீட்டு நெய்யை அப்படியே ஊற்றினால் எத்தியோப்பிய வாசனையில் பாதி வராது. நெய்யை இந்தச் சாமான்களோடு சிறு தீயில் அரை மணி நேரம் காய்ச்சி வடித்தாலாவது ஓரளவு கிட்டே வரும்.

ஹங்கேரியர்கள் சேர்க்கும் கேரவே விதைக்குப் பதில் சீரகம் போடுவதையும் பார்க்கிறேன். பார்க்க ஒன்றுபோல இருந்தாலும் மணம் வேறு. சீரகம் விழுந்ததும் குழம்பில் ஹங்கேரியின் சாயல் மறைந்துவிடும். கேரவே கிடைக்கவில்லையா, விட்டுவிடுங்கள், பரவாயில்லை. காஷ்மீரி மிளகாய்த்தூள் நிறத்தைத் தரும், பாப்ரிகாவின் இனிப்பைத் தராது.

இறைச்சி கொழுப்பில்லாத தொடைக் கறியாக இருந்தால் நெடுநேர வேக்காட்டில் நார் நாராகக் காய்ந்துபோகும். கால் சதை வாங்குங்கள். அதிலுள்ள சவ்வு மெல்லக் கரைந்து குழம்புக்குப் பளபளப்பைக் கொடுக்கும். பொர்கொல்ட்டுக்கு ஹங்கேரியர்கள் விரும்பி எடுப்பதும் இதைத்தான். தனியாகப் பொரிக்கத் தேவையில்லை. இறைச்சி தன் நீரிலேயே வேகட்டும், வற்றும்போது மட்டும் கொஞ்சம் கொஞ்சமாகத் தண்ணீர் விடுங்கள். மொத்தமாக ஊற்றினால் அது குலாஷ் ஆகிவிடும். ஹங்கேரியில் குலாஷ் என்பது மாட்டு மந்தை மேய்ப்பவர்களின் பெயரைத் தாங்கிய சூப். நாம் வெளியே குலாஷ் என்று சாப்பிடும் கெட்டிக் குழம்புக்கு அங்கே பொர்கொல்ட் என்று பெயர். குக்கரில் வைத்தால் இறைச்சி சீக்கிரம் வெந்துவிடும், ஆனால் நீர் சுண்டாது. மூடியைத் திறந்த பிறகு அரை மணி நேரமாவது கொதிக்க விட வேண்டியிருக்கும். சாதாரணச் சட்டியில் இரண்டு, இரண்டரை மணி நேரம்.

உப்பைக் கடைசியில் பாருங்கள். கடையில் விற்கும் பெர்பெரே பலவற்றில் ஏற்கெனவே உப்பு இருக்கும்.

புளித்த பாலாடையான சாவர் கிரீமைக் கொதிக்கும் குழம்பில் ஊற்றினால் திரிந்துவிடும். நொக்கெட்லி என்ற ஹங்கேரிய மாவு உருண்டைகளோடு பரிமாறினால், தட்டில் ஓரமாக ஒரு கரண்டி வையுங்கள். இஞ்செராவோடு சாப்பிடுவதானால் அது வேண்டாம். தெஃப் என்ற எத்தியோப்பியத் தானியத்தின் புளித்த மாவில் சுட்ட அந்த அப்பத்திலேயே தேவையான புளிப்பு இருக்கிறது.