கேன்யன்லாண்ட்ஸில் பாறைச் சுவரைப் படிப்பது எப்படி

அமெரிக்காவின் யூட்டா மாநிலத்தில் உள்ள கேன்யன்லாண்ட்ஸ் தேசியப் பூங்காவின் விளிம்பில் முதன்முறையாக நிற்பவரின் கண் அடியில் ஓடும் ஆற்றைத்தான் தேடும். நிலத்தோற்றத்தைப் புரிந்துகொள்ள விரும்புகிறவர் ஆற்றைச் சற்று நேரம் மறந்துவிட்டு, எதிரே தெரியும் சுவரின் பக்கவாட்டு வடிவத்தைப் பார்ப்பது நல்லது. கொலராடோ ஆறும் கிரீன் ஆறும் பள்ளத்தை ஆழமாக்கின என்பது உண்மை. ஆனால் அது இத்தனை அகலமாக விரிந்ததற்குச் சுவர்கள் சிதைந்து பின்வாங்கியதே காரணம். அந்தச் சிதைவின் தடயங்கள் சுவரிலேயே உள்ளன.

தொடங்குவதற்கு ஏற்ற இடம், ஐலண்ட் இன் தி ஸ்கை பகுதியின் தென்முனையில் உள்ள கிராண்ட் வியூ பாயிண்ட். சூரிய உதயத்தின்போது மேசா ஆர்ச் என்னும் பாறை வளைவருகே திரளும் கூட்டத்தோடு சேர்ந்துகொள்வதில் தவறில்லை என்றாலும், பாறையைப் படிக்க இந்த முனையும் மாலையின் சாய்வெயிலும்தான் உதவும் என்பது என் கருத்து. அங்கே நின்று ஒவ்வோர் அடுக்கையும் பார்த்து, இது செங்குத்தாக நிற்கிறதா, சரிந்து கிடக்கிறதா என்று கேட்டுக்கொள்ளுங்கள். செங்குத்தாக நிற்பது பெரும்பாலும் மணற்பாறை. சரிந்து கிடப்பது களிப்பாறையும் வண்டற்பாறையும். ஆண்டுக்குச் சுமார் 23 செ.மீ. மழையே பெறும் இந்நிலத்தில் பாறையை மூடி மறைக்கும் அளவுக்கு மண்ணோ மரமோ சேர்வதில்லை. ஆகவே வன்மை மென்மை வேறுபாடு அப்படியே நிலத்தின் உருவமாகத் தெரிகிறது.

இனி அடுக்குகளை மேலிருந்து கீழாக வாசிக்கலாம். உங்கள் காலடியில் இருப்பது கயென்டா என்னும் பாறையடுக்கு. பழங்கால ஆறுகள் கொண்டுவந்து சேர்த்த மணல் இறுகி உண்டானது. அதன் கீழே நெடுஞ்சுவராக நிற்கும் விங்கேட் மணற்பாறை, ஏறத்தாழ 20 கோடி ஆண்டுகளுக்கு முன் காற்றில் குவிந்த மணற்குன்றுகளின் எச்சம். அதற்கும் கீழே சின்லே, மோயென்கோபி ஆகிய மென்மையான அடுக்குகள் சரிவுகளாக இறங்குகின்றன. நீங்கள் நிற்கும் மேசை நிலத்திலிருந்து சுமார் 365 மீட்டர் கீழே, வெண்ணிற விளிம்பு கட்டியதுபோல் ஒயிட் ரிம் மணற்பாறை படிக்கட்டாக நீள்கிறது.

இந்த வரிசையில் விங்கேட் சுவரும் அதன் அடிச்சரிவும் சேரும் இடத்தில்தான் அதிக நேரம் செலவிட வேண்டும். மழைநீர் கீழேயுள்ள மென்பாறையை அரித்துச் செல்லும்போது மேலேயுள்ள சுவர் அடித்தாங்கலை இழக்கிறது. ஏற்கெனவே நெடுக்காக விரிசல் விட்டிருக்கும் பாறை, அவ்விரிசல் வழியே பலகை பலகையாகப் பெயர்ந்து விழுகிறது. அதனால்தான் சுவர் எவ்வளவு பின்வாங்கினாலும் அதன் செங்குத்துத் தன்மை குலைவதில்லை. கயென்டா ஒரு கூரைபோல் விங்கேட்டைக் காக்கிறது; அந்தக் கூரை போன இடங்களில் சுவர் விரைவில் உருண்டை வடிவாகத் தேய்கிறது. இதே காப்பின் சிறிய வடிவத்தைக் கீழே மான்யுமென்ட் பேசினில் காணலாம்: ஒயிட் ரிம் கற்களைத் தலையில் சுமந்த செந்நிறத் தூண்கள், சுற்றியிருந்த மென்பாறை போன பிறகும் நிற்கின்றன.

அடுத்து நிறத்தைக் கவனியுங்கள். சுவரில் கருமையாகப் படிந்திருப்பது பாலைப்பூச்சு. களிமண்ணோடு இரும்பு, மாங்கனீசு ஆக்சைடுகள் சேர்ந்த மெல்லிய படலம். அது அடர்ந்து படிய ஆயிரக்கணக்கான ஆண்டுகள் ஆகும் என்பதால், கரிய சுவரின் நடுவே வெளிறிய திட்டு தெரிந்தால் அங்கே பாறை விழுந்து அதிகக் காலம் ஆகவில்லை என்று கொள்ளலாம். அடியில் அதே நிறமுள்ள உடைகற்கள் கிடக்கின்றனவா என்று பார்த்து இந்த ஊகத்தைச் சரிபார்த்துக்கொள்ளலாம்.

சுவர்களின் அடியில் குழிந்த குடைவுகளையும், அவற்றில் பச்சைக் கோடாகச் செடிகளையும் சில இடங்களில் காண்பீர்கள். மணற்பாறைக்குள் இறங்கிய நீர், அதை எளிதில் உள்ளே விடாத அடுக்கைத் தொட்டதும் பக்கவாட்டில் கசிகிறது. மணலை ஒட்டவைத்திருக்கும் கால்சைட் என்னும் கனிமத்தை அந்நீர் சிறிது சிறிதாகக் கரைக்கிறது. குளிர்காலத்தில் விரிசலுக்குள் உறையும் நீர் ஏறத்தாழ 9 விழுக்காடு விரிந்து பிளவை மேலும் அகலமாக்குகிறது.

பூங்காவின் நீடில்ஸ் பகுதிக்குச் சென்றால் வாசிப்பு முறையைச் சற்று மாற்ற வேண்டும். அங்கே கிடையான அடுக்குகளைவிட நெடுக்கான பிளவுகளே முக்கியம். பூமிக்கடியில் பாரடாக்ஸ் உப்புப் படிவு கிடக்கிறது; மேலேயுள்ள சுமையால் உப்பு மெல்ல நகரும் தன்மையுடையது. அந்த நகர்வால் மேலிருந்த சீடர் மேசா மணற்பாறை ஒன்றையொன்று வெட்டும் விரிசல்களாகப் பிளந்தது. நீரும் பனியும் பிளவுகளை அகலப்படுத்த, இடையில் மிஞ்சியவையே சிவப்பும் வெண்மையும் பட்டை போட்ட ஊசிக்கோபுரங்கள். செஸ்லர் பார்க் அருகே ஜாயிண்ட் டிரெயில் வழியாக நடப்பவர், அப்படி ஒரு பிளவுக்குள்ளேயே நடக்கிறார். ஓடையின் வறண்ட தடத்தில் நடக்கும்போது வானத்தையும் பார்த்துக்கொள்ளுங்கள். கோடைப் பிற்பகுதியின் இடிமழை தொலைவில் பெய்தாலும் வெள்ளம் இங்கே வந்துவிடும். கறுத்து முண்டு முண்டாகத் தெரியும் மண் உயிருள்ள நுண்ணுயிர் மேலோடு. மண்ணைக் காற்றும் நீரும் அள்ளிச் செல்லாமல் பிடித்துவைப்பது அதுவே ஆகையால், அதன்மேல் கால் வைக்கலாகாது.

இதுவரை சொன்ன முறை அப்ஹீவல் டோமில் பொருந்தாது. சுமார் 5 கிலோமீட்டர் விட்டமுள்ள அந்த வட்டத்தில் அடுக்குகள் சாய்ந்தும் கவிழ்ந்தும் கிடக்கின்றன. அடியிலுள்ள உப்பு மேலெழுந்து முட்டியது என்று ஒரு சாராரும், விண்கல் மோதியது என்று மற்றொரு சாராரும் நெடுங்காலம் வாதிட்டனர். 2008-இல் அங்கே பேரதிர்ச்சியால் மட்டுமே உருவாகும் குவார்ட்ஸ் மணிகள் கிடைத்ததாக அறிவிக்கப்பட்ட பின் விண்கல் தரப்பு வலுப்பெற்றது. கிராண்ட் வியூ பாயிண்டில் அடுக்குகளை வரிசையாகப் பார்த்துவிட்டு இங்கே வந்தால், அதே விங்கேட் இங்கே எந்தத் திசையில் சாய்ந்திருக்கிறது என்பதை நீங்களே கண்டுபிடித்துவிடலாம்.