கைப்பேசியில் அலாரம் வைப்பதும் அது தவறாமல் அடிக்கும்படி பார்த்துக்கொள்வதும்

காலை 6 மணியை ஒட்டித் திருநெல்வேலி சந்திப்பிலிருந்து சென்னைக்குப் புறப்படும் வந்தே பாரத் ரயிலைப் பிடிக்க வேண்டுமென்றால், களக்காட்டிலோ அம்பாசமுத்திரத்திலோ இருப்பவர் மூன்றரை மணிக்கே எழுந்து குளித்துக் கிளம்பியாக வேண்டும். மார்கழியில் விடியுமுன் நெல்லையப்பர் கோயிலுக்குப் போகிறவர்களுக்கும், பிசானப் பயிருக்கு நள்ளிரவில் முறைத் தண்ணீர் பாய்ச்சுகிறவர்களுக்கும், வேளை தவறாமல் மாத்திரை போட வேண்டிய முதியவர்களுக்கும் இன்று கைப்பேசி அலாரம்தான் துணை. அலாரம் அடிக்கவில்லை என்று என்னிடம் கைப்பேசியைக் கொண்டுவந்து காட்டியவர்களில் ஏறக்குறைய எல்லோருடைய கருவியும் நன்றாகத்தான் இருந்தது. நேரத்தையோ நாளையோ ஒலியளவையோ வைத்ததில்தான் பிசகு இருந்தது. அந்தப் பிசகுகள் எங்கெங்கே வரும் என்று தெரிந்துகொண்டால், ஒரே ஓர் அலாரத்தை நம்பி நிம்மதியாகத் தூங்கலாம்.

ஆண்ட்ராய்டு கைப்பேசியில் கடிகாரச் செயலியைத் திறந்து, அலாரம் என்ற பகுதிக்குப் போய், கூட்டல் குறியைத் தொட்டால் நேரம் கேட்கும். முதலில் மணியையும் அடுத்து நிமிடத்தையும் தேர்ந்தெடுத்து, ஏஎம், பிஎம் இரண்டில் எது வேண்டுமோ அதைத் தொட்டு, சரி என்று கொடுத்தால் அலாரம் பதிவாகிவிடும். ஐபோனிலும் இதே வழிதான். கடிகாரச் செயலியில் அலாரம் பகுதியில் கூட்டல் குறியைத் தொட்டு, நேரத்தைச் சுழற்றி வைத்துச் சேமிக்க வேண்டும். இவ்வளவும் அரை நிமிட வேலை.

ஆனால் அந்த அரை நிமிடத்துக்குள்தான் ஏஎம், பிஎம் என்ற இடத்தில் மிகப் பலர் தவறுகிறார்கள், அதிலும் 12 மணியில். நள்ளிரவு 12 மணி என்பது ஏஎம், நண்பகல் 12 மணி என்பது பிஎம். சில ஆண்டுகளுக்கு முன் எங்கள் வயலுக்கு இரவு பன்னிரண்டரை மணிக்கு முறைத் தண்ணீர் வர இருந்தபோது, என் அப்பா 9 மணிக்கே படுத்துக்கொண்டு, இரவுதானே என்று 12.30 பிஎம் என்று வைத்துவிட்டார். அலாரம் மறுநாள் மதியம் சாப்பாட்டு நேரத்தில் அடித்தது. தண்ணீர் அதற்குள் கீழ் வயலுக்குப் போய்விட்டிருந்தது. அடுத்த முறை வரும்வரை வெடித்துக் கிடந்த வயலைப் பார்த்து அவர் பட்ட வருத்தம் எனக்கு இன்னும் மறக்கவில்லை.

இந்தத் தவறு நேராமல் இருக்க எளிய வழி ஒன்று உண்டு. ஆண்ட்ராய்டில் அலாரத்தைச் சேமித்தவுடன், இன்னும் இத்தனை மணி நேரம் இத்தனை நிமிடத்தில் அடிக்கும் என்று ஒரு வரி திரையின் அடியில் தோன்றி மறையும். அதை அவசியம் படியுங்கள். இரவு 9 மணிக்குப் படுத்து 12.30க்கு எழுபவருக்கு அது மூன்றரை மணி நேரம் என்று காட்ட வேண்டும். பதினைந்தரை மணி நேரம் என்று காட்டினால் பகலுக்கு வைத்திருக்கிறோம் என்று பொருள். கைப்பேசியின் தேதி, நேர அமைப்பில் 24 மணி நேர முறையை இயக்கிவிடுவதும் நல்லது. ரயில்வே கால அட்டவணையைப் பார்த்துப் பழகியவர்களுக்கு அது கடினமாக இருக்காது, 0.30 என்றால் நள்ளிரவு, 12.30 என்றால் மதியம் என்பதில் குழப்பத்துக்கே இடமில்லை.

அடுத்து நாட்கள். கிழமை எதையும் தேர்ந்தெடுக்காமல் வைத்த அலாரம் ஒரே ஒருமுறை அடித்துவிட்டுத் தானாக அணைந்துவிடும். தினமும் அல்லது பள்ளி நாட்களில் மட்டும் அடிக்க வேண்டுமென்றால், அந்தந்தக் கிழமையின் எழுத்தைத் தொட்டு நிறம் மாறியதா என்று பார்க்க வேண்டும். பயணத்துக்கு வைக்கும் அலாரத்தில் கிழமை எதுவும் வேண்டாம்.

பெயர் வைப்பதை நான் மிக முக்கியமாகக் கருதுகிறேன். அரைத்தூக்கத்தில் இருப்பவருக்கு வெறும் ஒலி எதையும் சொல்லாது. எங்கள் ஆச்சிக்குத் தைராய்டு மாத்திரை, இரத்த அழுத்த மாத்திரை, இரவு மாத்திரை என்று மூன்று வேளைக்கும் அலாரம் வைத்துக் கொடுத்தபோது, மூன்றுக்கும் ஒரே மணியோசையை வைத்திருந்தேன். ஒவ்வொரு முறையும் அடித்ததும் ஆச்சி கைப்பேசியைத் தூக்கிக்கொண்டு வந்து, "ஏல, எதுக்குல இது இப்படிக் கெடந்து அடிக்குது?" என்று கேட்பார். ஒவ்வோர் அலாரத்திலும் லேபிள் என்ற இடத்தில் "தைராய்டு மாத்திரை, காப்பிக்கு முன்" என்பதுபோல எழுதி வைத்தேன். கண்ணாடி இல்லாமல் அவரால் அதைப் படிக்க முடியவில்லை. பிறகு கைப்பேசியின் ஒலிப்பதிவுச் செயலியில் என் குரலிலேயே, "ஆச்சி, தைராய்டு மாத்திரை போடுங்க, அரை மணி நேரம் கழிச்சுக் காப்பி குடிக்கலாம்" என்று பதிவு செய்து, அலாரத்தின் ஒலியைத் தேர்ந்தெடுக்கும் இடத்தில் புதிய ஒலியைச் சேர்க்கும் வசதியைத் தொட்டு, அந்தக் கோப்பையே ஒலியாக வைத்தேன். மற்ற இரண்டுக்கும் அதேபோலச் செய்தேன். அன்று முதல் அவர் யாரையும் கேட்பதில்லை. தைராய்டு மாத்திரையை வெறும் வயிற்றில், காப்பிக்கும் பலகாரத்துக்கும் அரை மணி முதல் ஒரு மணி நேரம் முன்னதாகப் போட வேண்டும் என்பதால், அந்த அலாரத்தை மட்டும் காலை 5.30க்கு வைத்திருக்கிறேன். வீட்டில் முதியவர் இருக்கும் ஒவ்வொருவரும் இதைச் செய்து கொடுக்க வேண்டும் என்பது என் வேண்டுகோள்.

ஒலியளவைப் பற்றிச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் அடிக்காத அலாரங்கள் என்று சொல்லப்படுபவற்றில் பல உண்மையில் அடித்தவையே, காதில் விழாதவை. ஆண்ட்ராய்டில் பாட்டுக்கு ஓர் ஒலியளவு, அழைப்புக்கு ஓர் ஒலியளவு, அலாரத்துக்குத் தனியாக ஓர் ஒலியளவு இருக்கிறது. இரவில் பாட்டுக் கேட்டு முடித்து ஒலியைக் கூட்டி வைத்தாலும் அலாரத்தின் ஒலி கூடாது. அமைப்புகளில் ஒலி என்ற பகுதிக்குப் போய் அலாரத்துக்குரிய கோட்டைத் தனியே நகர்த்த வேண்டும். ஐபோனில் அலாரத்தின் ஒலி, அழைப்பு மணியின் ஒலியளவோடு சேர்ந்தே போகிறது. பக்கவாட்டுப் பொத்தானால் மணியைக் குறைத்தால் அலாரமும் குறையும் என்பதால், செட்டிங்ஸில் சவுண்ட்ஸ் அண்ட் ஹாப்டிக்ஸ் பகுதியில் சேஞ்ச் வித் பட்டன்ஸ் என்பதை அணைத்துவிடுவது பாதுகாப்பு.

சைலன்ட் நிலையில் வைத்துப் படுத்தால் அலாரம் அடிக்குமா என்று பலரும் கேட்கிறார்கள். ஐபோனில் அடிக்கும்; ஆண்ட்ராய்டிலும் பொதுவாக அடிக்கும். ஆனால் ஆண்ட்ராய்டில் தொந்தரவு செய்ய வேண்டாம் என்ற நிலையை இயக்கியிருந்தால், அதன் விதிவிலக்குகளில் அலாரத்துக்கு அனுமதி இருக்கிறதா என்று ஒருமுறை திறந்து பாருங்கள்; அங்கே அது அணைந்திருந்தால் அலாரம் வாய் திறக்காது.

அடித்ததும் தள்ளிப்போடும் வசதியை ஸ்னூஸ் என்கிறோம். கூகுள் கடிகாரச் செயலியில் அது வழக்கமாக 10 நிமிடம், ஐபோனில் 9 நிமிடம். கூகுள் செயலியின் அமைப்புகளில் இந்த நேரத்தை மாற்றிக்கொள்ளலாம். 4 மணி, 4.05, 4.10, 4.15 என்று வரிசையாக நான்கைந்து அலாரம் வைக்கும் பழக்கத்தை நான் ஏற்பதில்லை. முதல் மூன்றையும் கை தானாக அணைத்துப் பழகிவிடுவதால், நான்காவதையும் அதே கை அணைத்துவிடுகிறது. ஓர் அலாரத்தை மட்டும் வைத்து, கைப்பேசியைத் தலையணைக்கு அடியில் வைக்காமல், எழுந்து நாலு எட்டு நடந்துபோய் எடுக்கும்படி எதிர்ச் சுவரின் மாடக்குழியிலோ மேசையிலோ வைப்பது அதைவிடப் பயன்தரும்.

கைப்பேசி அணைந்திருந்தால் ஐபோனிலும் பெரும்பாலான ஆண்ட்ராய்டு கைப்பேசிகளிலும் அலாரம் அடிக்காது. காற்றோடு மழை பெய்து இரவு முழுவதும் கரண்ட் இல்லாமல் போகும் ஐப்பசி, கார்த்திகை மாதங்களில், சார்ஜில் போட்டிருக்கிறோம் என்று நம்பிப் படுத்துவிடாமல், படுக்கும்முன்பே போதிய சார்ஜ் இருக்கிறதா என்று பார்த்துக்கொள்ள வேண்டும். கைப்பேசியோடு வந்த கடிகாரச் செயலியை விட்டுவிட்டுத் தனியாக ஓர் அலாரச் செயலியை இறக்கிப் பயன்படுத்துகிறவர்கள், பேட்டரியைச் சேமிக்கும் ஏற்பாடு அந்தச் செயலியை நிறுத்திவிடாமல் அதற்கு விலக்குக் கொடுக்க வேண்டும். ஆண்ட்ராய்டு 12 முதல், அலாரங்கள், நினைவூட்டல்கள் என்ற தனி அனுமதியும் இருக்கிறது; அது இல்லையென்றால் அப்படிப்பட்ட செயலி குறித்த நிமிடத்தில் அடிக்கும் என்று நம்ப முடியாது.

மேலப்பாளையத்திலும் கடையநல்லூரிலும் வளைகுடா நாடுகளிலிருந்து விடுமுறைக்கு வருகிறவர்கள் மற்றொன்றைக் கவனிக்க வேண்டும். துபாயின் நேரம் நம் நேரத்துக்கு ஒன்றரை மணி நேரம் பின்னால் இருக்கிறது. சவூதியின் நேரம் இரண்டரை மணி நேரம் பின்னால். தானியங்கி நேர மண்டலத்தை அணைத்துவைத்திருந்தால், இங்கே வந்து இறங்கிய பிறகும் கைப்பேசி அந்த ஊர் நேரத்தையே காட்டும், அலாரமும் அவ்வளவு தாமதமாகவே அடிக்கும். இறங்கியதும் சுவர்க் கடிகாரத்தோடு ஒத்துப்பாருங்கள்.

வைத்த அலாரங்களை மாதம் ஒருமுறையாவது பார்த்து, முடிந்துபோன பயணத்துக்கும் தேர்வுக்கும் வைத்தவற்றை நீக்கிவிடுங்கள். தினசரி அலாரத்தை ஒருநாள் மட்டும் விட வேண்டுமென்றால், அதை முழுவதும் அணைத்துவிட்டு மறுநாள் இயக்க மறந்து தவிக்க வேண்டாம். ஆண்ட்ராய்டில் அடிக்கும் நேரம் நெருங்கும்போது வரும் அறிவிப்பில் அந்த ஒருமுறையை மட்டும் தள்ளுபடி செய்யலாம், மறுநாள் வழக்கம்போல அடிக்கும்.

முக்கியமான நாளுக்கு முந்தின மாலையில் ஒரு சோதனை செய்யுங்கள். இரண்டு நிமிடம் கழித்து அடிக்கும்படி ஓர் அலாரம் வைத்து, திரையைப் பூட்டி, இரவில் வைக்கப்போகும் அதே இடத்தில் கைப்பேசியை வைத்துவிட்டு, மின்விசிறியை ஓடவிட்டுப் படுக்கையில் போய்ப் படுத்துக்கொள்ளுங்கள். விசிறிச் சத்தத்தையும் மீறிக் கேட்டால் சரி. கேட்கவில்லையென்றால் ஒலியைக் கூட்டியோ இடத்தை மாற்றியோ மறுபடியும் ஒருமுறை சோதித்துவிட்டு, அந்தச் சோதனை அலாரத்தை நீக்கிவிட்டுத் தூங்கப் போகலாம்.