தற்காப்புக்கலைப் பட விமர்சனத்தை ஒத்தசொற்களால் திருத்தி எழுதுவது எப்படி?

படம் பார்த்த வேகத்தில் எழுதும் விமர்சனத்தில் சில சொற்கள் திரும்பத் திரும்ப வருவது இயல்பு. அவற்றை ஒத்தசொற்களால் மாற்றும்போது, திரையில் நடந்ததும் நம் கருத்தின் அழுத்தமும் மாறிவிடக் கூடாது. லாவ் கார்-லியுங் இயக்கத்தில் ஷா பிரதர்ஸ் நிறுவனம் 1978இல் வெளியிட்ட 'ஷாவ்லினின் 36ஆவது அறை' படத்துக்கு நீங்கள் எழுதிய முதல் வரைவு இப்படி இருப்பதாகக் கொள்வோம்:

"கோர்டன் லியு நடித்த சான் தே, ஷாவ்லின் கோவிலில் பயிற்சி செய்கிறார். தண்ணீர் சுமக்கும் பயிற்சி அருமை. தலையால் மணல்மூட்டைகளை அடிக்கும் பயிற்சியும் அருமை. மூத்த துறவியின் இரட்டைக் கத்திகளை மூன்று துண்டுக் கோலால் அடிக்கும் சண்டை மிக அருமை."

முதலில், தொடக் கூடாதவற்றை அடிக்கோடிடுங்கள். ஆட்பெயர், இடப்பெயர், ஆயுதத்தின் பெயர் ஆகியவை அப்படியே இருக்க வேண்டும். மூன்று துண்டுக் கோலைக் 'கம்பு' என்று மாற்றினால், இரட்டைக் கத்திகளிடம் தோற்ற சான் தே அவற்றை வெல்வதற்காகத் தாமே உருவாக்கிய, மூன்று துண்டுகளாக மடங்கி வளைந்து தாக்கும் அந்த ஆயுதம் வாசகர் மனத்தில் நேரான ஒற்றைக் கழியாகிவிடும்.

அடுத்து, திரும்ப வரும் சொற்களை வட்டமிடுங்கள். இங்கே 'பயிற்சி', 'அருமை', 'அடிக்கும்' என மூன்று அகப்படுகின்றன.

இவற்றில் வினைச்சொல்லுக்கே அதிக நேரம் கொடுங்கள். சண்டைப்பட விமர்சனத்தின் உயிர் அங்கேதான் இருக்கிறது. 'அடி' என்பதற்கு இணையாகக் குத்து, அறை, உதை, முட்டு, வெட்டு, வீச்சு என்று பல சொற்கள் உண்டு என்றாலும், மடக்கிய விரல் குத்தும், விரித்த கை அறையும், கால் உதைக்கும், தலை முட்டும் என்பதால், ஒன்றின் இடத்தில் இன்னொன்றை விருப்பம்போல் வைக்க இயலாது. ஐயம் எழுந்தால், அகராதியைப் புரட்டுவதற்கு முன் அந்தக் காட்சியை மீண்டும் பாருங்கள்.

'பயிற்சி'க்குச் 'சாதகம்' என்றால் இசை நினைவுக்கு வரும். 'ஒத்திகை' என்றால் படப்பிடிப்புக்கு முந்தைய ஏற்பாடு என்று பொருள்படும். பொருந்தும் சொல் கிடைக்காதபோது, என்ன செய்கிறார் என்பதையே விவரித்துவிடுவது நல்லது. 'அருமை'க்கு 'நன்று' குறைவு, 'ஈடிணையற்றது' மிகை. இடைப்பட்ட அளவிலான சொல்லைத் தேடுங்கள்.

இப்போது முழுப் பத்தியையும் புதிதாக எழுதுங்கள்:

"ஷாவ்லின் கோவிலில் சேரும் சான் தே (கோர்டன் லியு), கைகளை நீட்டியபடி தண்ணீர் வாளிகளைச் சுமக்கிறார், கை சற்றுத் தாழ்ந்தாலும், மேற்கையில் கட்டிய கத்திகள் விலாவைப் பதம்பார்க்கும். அந்தக் காட்சியும், தொங்கும் மணல்மூட்டைகளை அவர் தலையால் முட்டிச் செல்லும் காட்சியும் மனத்தைக் கவர்கின்றன. அவற்றை விஞ்சுகிறது, மூன்று துண்டுக் கோலை வீசி மூத்த துறவியின் இரட்டைக் கத்திகளை முறியடிக்கும் சண்டை."

இந்த முறை உங்கள் சொந்த விமர்சனத்துக்கு மட்டுமே உரியது. பிறர் எழுதியதில் எத்தனை சொற்களை மாற்றினாலும் கருத்து அவருடையதே. அதை எடுத்தாள்வதானால் அவர் பெயரைச் சொல்லியாக வேண்டும்.

கடைசியாக, இரண்டு பத்திகளையும் அருகருகே வைத்து வாய்விட்டுப் படியுங்கள். முதல் வரைவில் 'மிக' என்ற சொல் கோல் சண்டைக்கு மட்டுமே கிடைத்தது; புதிய பத்தியிலும் அந்தச் சண்டையே மேலோங்கி நிற்கிறதா என்று சரிபார்த்த பிறகு வெளியிடுங்கள்.