பிள்ளையை முதல் தடவை யூதக் கோடை முகாமுக்கு அனுப்பும்போது

அமெரிக்க யூதக் குடும்பங்களில் பனி கொட்டும்போதே இந்தப் பேச்சு தொடங்கிவிடும்: வரும் கோடை விடுமுறையில் பிள்ளை சில வாரம் தங்கிவர எந்த முகாம்? முதல் பிள்ளையை அனுப்பப் போகிறீர்கள் என்றால் ஏரி, படகுப் படங்களைப் பார்த்து மயங்காதீர்கள், அது பெரும்பாலான முகாம்களில் இருக்கும். உங்கள் வீட்டுப் பழக்கமும் முகாமின் பழக்கமும் ஒத்துப்போகுமா என்பதுதான் முதல் கேள்வி. 1947-இல் விஸ்கான்சினில் தொடங்கிய ராமா முகாம்கள், யூத மதத்தில் மரபுக்கும் புதுமைக்கும் நடுவே நிற்கும் கன்சர்வேடிவ் பிரிவைச் சேர்ந்தவை. கோஷர் (யூத உணவு விதிப்படியான) சமையல், தினமும் காலையில் தொழுகை, பேச்சின் நடுவே எபிரேயச் சொற்கள் என்று நாள் போகும். யூஆர்ஜே என்ற அமைப்பின் முகாம்கள் தாராளப் போக்குள்ள ரிஃபார்ம் பிரிவு, கெடுபிடி குறைவு. மரபை இறுக்கமாகப் பின்பற்றும் ஆர்த்தடாக்ஸ் பிரிவின் முகாம்கள் பலவற்றில் ஆண்பிள்ளைகள் தனி, பெண்பிள்ளைகள் தனி. எது என்று புரியவில்லையா, போன் போட்டு "ஷபாத் அன்று கிதார் வாசிப்பீர்களா?" என்று கேளுங்கள். ஷபாத் என்பது வெள்ளி மாலை முதல் சனி இரவு வரையிலான ஓய்வு நாள், மரபை இறுக்கமாகப் பின்பற்றுபவர்கள் அன்று வாத்தியம் வாசிக்க மாட்டார்கள். அதனால் பாதி விஷயம் அந்தப் பதிலிலேயே தெரிந்துவிடும்.

செலவு கொஞ்சநஞ்சமல்ல, சில வாரங்களுக்கே பல ஆயிரம் டாலர். முதல் தடவை போகிறவர்களுக்கு 'ஒன் ஹேப்பி கேம்பர்' என்ற உதவித்தொகைத் திட்டத்தில் 1,000 டாலர் வரை கிடைக்கலாம், ஊருக்கு ஊர் விதி மாறும். உங்கள் ஜெப ஆலயத்திலும் கூச்சப்படாமல் கேளுங்கள்.

அப்புறம் மூட்டை கட்டுவது. காலுறை உட்பட எல்லாவற்றிலும் பெயர் எழுதுங்கள், இல்லாவிட்டால் திரும்பி வருவது வேறு யாருடையதோதான். வெள்ளிக்கிழமை மாலைக்கு வெள்ளை உடை கேட்கும் முகாம்கள் நிறைய. டார்ச், பூச்சி மருந்து கட்டாயம். வடகிழக்கு மாநிலங்களில் உண்ணி கடித்தால் லைம் என்ற தொற்றுநோய் வரலாம். மாத்திரைகளைப் பையில் ஒளித்து வைக்காமல் நர்ஸிடம் கொடுங்கள். தின்பண்டப் பார்சலைப் பல முகாம்கள் ஏற்பதில்லை, கோஷரும் வேர்க்கடலை ஒவ்வாமையும் காரணம். போனுக்கும் பெரும்பாலும் தடைதான், அதனால் முகவரி எழுதி ஸ்டாம்ப் ஒட்டிய உறைகளை நீங்களே போட்டு அனுப்புங்கள்.

அந்த உறையில் வரும் முதல் கடிதம் அநேகமாக "என்னைக் கூட்டிக்கொண்டு போங்கள்" என்றுதான் இருக்கும். அது கைக்கு வருவதற்குள் பிள்ளை புது நண்பர்களோடு கூத்தடித்துக்கொண்டிருக்கலாம். சந்தேகமாக இருந்தால் முகாமுக்குப் போன் செய்து விசாரியுங்கள், ஆனால் கிளம்பும் முன் "பிடிக்கவில்லை என்றால் வந்து அழைத்துக்கொள்கிறேன்" என்று மட்டும் வாக்குக் கொடுத்துவிடாதீர்கள். பிள்ளை முதல் நாளிலிருந்தே வாசலைப் பார்த்துக்கொண்டிருக்கும். பதில் கடிதத்தில் நாய் எந்தச் செருப்பைக் கடித்தது என்று எழுதுங்கள், வீடு வெறிச்சென்று இருப்பதை எழுத வேண்டாம்.