முந்திரி ஆலைக்கு விலை போடுவது எப்படி?

பண்ருட்டி முந்திரி ஆலையை விற்கவோ பங்காளி சேர்க்கவோ நினைத்தால், இடத்தின் சென்ட் விலையில் தொடங்காதீர்கள். ஆலை ஆண்டுக்கு ஈட்டுவதுதான் அடிப்படை.

வட்டி, வரி, தேய்மானம் கழிக்காத லாபம் 60 லட்சம் என்று வைத்துக்கொள்வோம். முதலாளி சம்பளமே எடுக்கவில்லையா? அந்த வேலைக்கு ஆள் வைத்தால் ஆகும் 12 லட்சத்தைக் கழியுங்கள். கிடங்கு குடும்பச் சொத்தா? வாடகை 3 லட்சத்தையும் கழியுங்கள். பல கணக்குகள் பொய்த்துப்போவது இங்கேதான். மீதி 45 லட்சம். இதே அளவு ஆலைகள் இப்படிக் கணக்கிட்ட ஆண்டு லாபத்தின் நான்கு மடங்குக்குக் கைமாறுகின்றன என்றால் மதிப்பு 1.80 கோடி. கடன் 70 லட்சத்தைக் கழித்து, கையிருப்பு 10 லட்சத்தைக் கூட்டினால் உரிமையாளர் பங்கு 1.20 கோடி.

மூன்று ஆண்டுச் சராசரி எடுப்பது நல்லது. கொட்டை விலை ஏறிய ஆண்டில் பழைய சரக்கு தந்த லாபம் திறமையல்ல.

மதிப்பை உயர்த்த முதலில் பாக்கியைப் பாருங்கள். பங்குனி, சித்திரையில் கொட்டை வாங்கிப் பல மாதம் இருப்பு வைக்கும் தொழிலில் பணம் முடங்குவது இயல்பு. அதன் மேல் வியாபாரியிடமும் 50 நாள் நிற்கக் கூடாது. ஆண்டு விற்பனை 6 கோடி என்றால் ஒரு நாளைக்கு 1.64 லட்சம். வசூலை 20 நாள் முன்னே கொண்டுவந்தால் ஏறக்குறைய 33 லட்சம் விடுபடும். 11% வட்டிக் கடனை அதில் அடைத்தால் ஆண்டுக்கு 3.6 லட்சம் மிச்சம். உதயம் பதிவு (குறு, சிறு தொழில்களுக்கான மத்திய அரசுப் பதிவு) உள்ள சிறு ஆலைக்கு, எழுத்து ஒப்பந்தம் இருந்தாலும் வாங்குபவர் பணம் தர 45 நாளுக்கு மேல் தவணை செல்லாது.

அடுத்தது உடைசல். முழுப்பருப்பின் விகிதத்தைத் தினமும், வாங்கிய லாட் வாரியாக எழுதுங்கள். அவித்த கொட்டை சரியாக ஆறாமல் வெட்டுக்குப் போனால் பருப்பு பிளக்கும். மாதக் கணக்கில் அது தெரியாது.